பந்து வண்டியில் போன ஒன்பது மைல்

பந்து தரையில் படக்கூடாது. வண்டியில் ஏறக்கூடாது. இந்த இரண்டையும் ஸ்டோன்ரிட்ஜில் யாரும் எழுதி வைக்கவில்லை. எழுதி வைத்த விதிகளை மீறுகிறவர்கள்கூட இதை மீறியதில்லை என்று லொரெட்டா டகெட் சொல்வாள்.

ஒவ்வொரு டிசம்பரிலும் தரைப்படை அதிகாரிகளை உருவாக்கும் ஸ்டோன்ரிட்ஜும், கடற்படை அதிகாரிகளை உருவாக்கும் எங்கள் ஹார்க்கர் முனையும் பிலடெல்ஃபியாவில் அமெரிக்கக் கால்பந்தில் மோதும். இரண்டுக்கும் நடுவில் இருக்கும் ஊர். அங்கே யாருக்கும் சொந்த மண் இல்லை. ஸ்டோன்ரிட்ஜ் மாணவர்கள் ஆட்டப் பந்தை மலையிலிருந்து மைதானம் வரை நூற்று முப்பது மைல் கையில் ஏந்தி, மாறி மாறி ஓடிக் கொண்டுவருவார்கள். அறுபத்திரண்டு வருடங்களாக அப்படித்தான்.

நான் ஹார்க்கர் முனைக்காரி. ஹால்வர்சன் என்று கூப்பிடுவார்கள். மூன்றாம் ஆண்டு, வேதியியல். அந்த ஆகஸ்டில் எங்களில் ஏழு பேரை ஒரு பருவம் ஸ்டோன்ரிட்ஜில் படிக்க அனுப்பினார்கள். அவர்களில் ஏழு பேர் எங்களிடம் போனார்கள். பரிமாற்றம் என்பது அதிகாரிகள் வைத்த பெயர். மாணவர்களுக்கு நாங்கள் கைதிகள். ஆட்டத்தன்று, ஆட்டம் தொடங்கும் முன், மைதானத்தின் நடுக்கோட்டில் கைதிகளை மாற்றிக்கொள்வார்கள். அதுவரை சீருடை மட்டும்தான் என்னுடையது. சாப்பாடு, மணி, தண்டனை, சத்தியம் எல்லாம் அவர்களுடையவை.

சத்தியத்தை முதல் நாளே வலது கையைத் தூக்கி எடுத்தோம். பொய் சொல்ல மாட்டேன். ஏமாற்ற மாட்டேன். திருட மாட்டேன். இந்த மூன்றும் எங்கள் பள்ளியிலும் உண்டு. ஸ்டோன்ரிட்ஜில் நாலாவது ஒன்று இருந்தது: இவற்றைச் செய்கிறவரைப் பொறுத்துக்கொள்ளவும் மாட்டேன். அதாவது, தெரிந்த ஒரு நாளுக்குள் புகார் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் நீயும் குற்றவாளி. எங்கள் பள்ளியில் அப்படி இல்லை. தோழி தவறினால் அவளிடம் போய்ப் பேசலாம், பேசிவிட்டு அதோடு விட்டுவிடலாம்.

டகெட் என் அறைத்தோழி. மேற்கு வர்ஜீனியாவில் நிலக்கரிச் சுரங்கங்கள் இருக்கும் பக்கத்திலிருந்து வந்தவள். எங்கள் அணியின் சின்னம் ஆடு, அவர்களுடையது கோவேறு கழுதை. அதனால் முதல் வாரத்திலேயே எனக்குப் பெயர் கிடைத்துவிட்டது.

"ஏன்டி ஆட்டுக்குட்டி, உங்க ஊர்ல நாலாவது வரி எங்கடி போச்சு? கடல்ல விழுந்துருச்சா?"

"எங்களுக்கு மூணே போதும். ஒருத்தரை ஒருத்தர் வேவு பாக்க வேண்டிய அவசியம் கழுதைங்களுக்குத்தான்."

"வேவு இல்லடி. அக்கறை."

"அக்கறைக்கு எதுக்குப் படிவம்?"

அவள் தலையணையை என் மேல் எறிந்தாள். எங்களுக்குள் இதைப் பற்றி நடந்த பேச்சு அவ்வளவுதான்.

வியாழக்கிழமை காலை ஆறு மணிக்கு ஓட்டம் தொடங்கியது. இரண்டு வேன்கள். முன்னால் போகும் வேனில் பெல்லமியும் இன்னும் ஐந்து பேரும். பெல்லமி எங்கள் மாணவர் படைப்பிரிவின் நேர்மைப் பிரதிநிதி, புகார் சொல்வதென்றால் அவனிடம்தான் சொல்ல வேண்டும். பின்னால் வந்த வேனை நான் ஓட்டினேன். எதிரிப் பள்ளிக் கைதியை ஓட்டுநராக வைப்பதும் அவர்களுக்கு ஒரு வழக்கம். என் முறையில் டகெட்டும், ஓக்ஸ் என்ற இரண்டாம் ஆண்டு மாணவனும் மூன்று மூன்று மைலாக மாறி மாறி ஓடினார்கள். எழுபதாவது மைலில் ஒரு பெட்ரோல் பங்கில் பெல்லமியிடம் பந்தைக் கொடுக்க வேண்டும்.

ஓக்ஸ் நெப்ராஸ்காக்காரன். வாய் ஓயாது.

"மேடம், கைதிய நம்பி ஸ்டியரிங்கக் குடுத்திருக்கீங்க. ஆறு எங்கயாவது தெரிஞ்சா வண்டிய நேரா தண்ணிக்குள்ள விட்டுருவாங்க."

"உன்ன முதல்ல எறக்கி விட்டுட்டுத்தான் விடுவா. இப்ப உன் முறை. எறங்குடா."

மழை பனியோடு கலந்து விழுந்துகொண்டிருந்தது. மணி மூன்று. நியூ ஜெர்சியில் இரண்டு பக்கமும் அறுவடை முடிந்த சோள வயல்கள். வேனின் விளக்குகளுக்கு முன்னால் ஓக்ஸ் பந்தை இடது கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடினான். அறுபத்தொன்றாம் மைல் பலகையைத் தாண்டியதும் அவன் நின்றான். குனிந்து முழங்காலைப் பிடித்தான். ஏதோ விளையாடுகிறான் என்று நினைத்தேன். பிறகு பக்கவாட்டில் சாய்ந்தான். பந்தை மார்போடு இறுக்கிக்கொண்டே விழுந்தான். பந்து தரையில் படவில்லை.

டகெட் அவனைத் தூக்கி வேனுக்குள் இழுத்துப் போட்டாள். கழுத்தில் விரல் வைத்தாள். "நாடி இல்லடி" என்றாள். "ஓட்டு." ஆம்புலன்ஸ் வர இருபத்தைந்து நிமிடம் ஆகும் என்று தொலைபேசியில் சொன்னார்கள். மருத்துவமனை ஒன்பது மைலில் இருந்தது, அந்தப் பெட்ரோல் பங்குக்கு இரண்டு தெரு தள்ளி. நான் ஓட்டினேன். பின்னால் டகெட் அவன் மார்பை அழுத்திக்கொண்டே எண்ணினாள். முப்பது வரை எண்ணுவாள், நிறுத்துவாள், மூச்சு ஊதுவாள், மறுபடி ஒன்றிலிருந்து எண்ணுவாள். ஒவ்வொரு திருப்பத்திலும் பந்து இருக்கைகளுக்கு அடியில் கோணல்மாணலாக உருண்டு கதவில் இடித்தது. அந்தச் சத்தம் எனக்குக் கேட்டது. அது என்ன சத்தம் என்று நான் யோசிக்கவில்லை.

மருத்துவமனை வாசலில் அவனுக்கு மூச்சு வந்தது.

டகெட் குனிந்து இருக்கைக்கு அடியிலிருந்து பந்தை எடுத்தாள். "நீ இவன்கூட இரு. நான் பெல்லமிகிட்டக் குடுத்துட்டு வரேன்" என்று சொல்லி மழையில் ஓடினாள். நான் ஓக்ஸோடு உள்ளே போனேன். இதயத் தசையில் பிறவியிலிருந்தே இருக்கும் கோளாறு, இத்தனை நாள் யாருக்கும் தெரியவில்லை என்றார்கள். பிழைத்துக்கொள்வான் என்றார்கள்.

மறுநாள் பிலடெல்ஃபியாவில் ஒரு தேவாலயக் கூடத்தில் தங்கியிருந்தோம். எந்த மைலை யார் ஓடினார்கள் என்று எழுதும் ஓட்டப் பதிவேட்டை நுழைவாயில் மேசையில் விரித்து வைத்திருந்தார்கள். பழைய மாணவர்கள் வந்து படம் எடுத்துக்கொண்டு போனார்கள். மதியச் சாப்பாட்டுக்கு வரிசையில் நின்றபோது நானும் பார்த்தேன்.

61 முதல் 63 வரை: ஓக்ஸ். 64 முதல் 70 வரை: டகெட். கடைசியில் வழக்கமான வாசகம்: பந்து வழி முழுதும் கையிலேயே வந்தது. அதன் கீழே எல். டகெட் என்று கையெழுத்து.

சுவரில் மணி பன்னிரண்டு நாற்பது.

அவளை மாடிப்படிக்குக் கூட்டிக்கொண்டு போனேன்.

"என்னடி எழுதி வச்சிருக்க?"

அவளுக்கு உடனே புரிந்தது. படியில் உட்கார்ந்தாள்.

"பந்து உருண்டுச்சு, டகெட். நான் கேட்டேன்."

"எனக்கும்தான் கேட்டுச்சு."

"உள்ளத அப்படியே எழுதியிருந்தா யாரு உன்னக் கேட்டிருப்பா? ஒரு உயிரக் காப்பாத்துன. அதுக்கா கேப்பாங்க?"

"என்ன யாரும் கேக்க மாட்டாங்க. அவன?" அவள் குரலைத் தாழ்த்தினாள். "அறுபத்திரண்டு வருஷமா ஏறாத பந்து ஓக்ஸ் விழுந்த வருஷம் ஏறுச்சுன்னு எழுதவா? அவன் அங்க இன்னும் ரெண்டரை வருஷம் இருக்கணும்டி. பந்த ஏத்துனவன்னுதான் கூப்புடுவானுங்க. எங்காளுங்கள உனக்குத் தெரியாது. பெல்லமி மணியப் பாக்காம, நான்தான் பந்தத் தூக்கிட்டு ஓடி வந்தேன்னு நெனச்சு முதுகுல தட்டுனான். ஏடு திறந்திருந்துச்சு. எழுதிட்டேன்."

"போய்த் திருத்திடு."

"கையெழுத்துப் போட்டாச்சு. இனிமே திருத்துனா, பொய்னு ஒத்துக்கிட்டுத்தான் திருத்தணும்."

"நீயே போய்ச் சொன்னா குறைச்சுப் போடுவாங்க."

"போடலன்னா?"

அதற்கு எனக்குப் பதில் தெரியும். மூன்றாம் ஆண்டு வகுப்பில் கால் வைத்த பிறகு வெளியேற்றினால் வீட்டுக்குப் போக முடியாது. கடைநிலைச் சிப்பாயாகப் படைக்குத்தான் போக வேண்டும். அவளுடைய அண்ணன் அப்படிச் சிப்பாயாக இருப்பவன். வீட்டில் முதல் அதிகாரி இவள் என்று அவளுடைய அப்பா சுரங்கத்தில் எல்லோரிடமும் சொல்லி வைத்திருந்தார்.

அவள் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். "நீ எப்பப் பாத்த?"

"இப்பத்தான். நாப்பதுக்கு."

"நாளைக்குப் பன்னெண்டு இருபதுக்குக் கைதி மாத்துறாங்க. உனக்கு ஒரு நாள் டைம். இருபது நிமிஷம் மிச்சம் இருக்கு. கோட்டத் தாண்டிட்டா நீ மறுபடி மூணு வரிக்காரி. என்கிட்ட வந்து பேசிட்ட இல்ல? உங்க சட்டப்படி கதை முடிஞ்சது." என் கையைப் பிடித்தாள். ஓக்ஸின் மார்பை அழுத்தியதில் கன்றிப்போன தடம் அவள் உள்ளங்கையில் இன்னும் இருந்தது. "வாய மூடிக்கிட்டுத் தாண்டிரு, ஆட்டுக்குட்டி. தயவு செஞ்சு."

அன்று மாலை வரை அந்தக் கணக்கைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். சரியாகத்தான் வந்தது. ஆய்வுக்கூடமாக இருந்தால் பிழை எல்லை எவ்வளவு என்று கேட்டிருப்பேன். அங்கே கேட்கவில்லை.

சனிக்கிழமை பனி விழுந்தது. இரண்டு பள்ளிகளும் மைதானத்துக்குள் அணிவகுத்து வர வேண்டும். முதலில் ஸ்டோன்ரிட்ஜின் நாலாயிரம் சாம்பல் நிற மேலங்கிகள், பிறகு எங்கள் நாலாயிரம் கறுப்பு. ஸ்டோன்ரிட்ஜ் வரிசை முடியவே மணி பன்னிரண்டு ஆகிவிட்டது. அப்புறம் யாரோ ஒரு பெரிய மனிதரின் கார்கள் வந்து சேரவில்லை என்று எல்லாவற்றையும் நிறுத்தி வைத்தார்கள். கைதிகள் ஏழு பேரும் ஸ்டோன்ரிட்ஜ் பக்க ஓரக்கோட்டில் நின்றோம். எதிர் ஓரத்தில் அவர்களுடைய ஏழு பேர். நடுவில் காலியான பச்சைப் புல் கொஞ்சம் கொஞ்சமாக வெளுத்துக்கொண்டு வந்தது.

"கப்பலக் கவுத்துடு!" என்று எங்களுக்குப் பின்னாலிருந்து நாலாயிரம் பேர் கத்தினார்கள். "கழுதைய அவுத்துடு!" என்று எதிர்ப்பக்கம் பதில் வந்தது.

கடிகாரத்தைப் பார்த்தேன். பன்னிரண்டு இருபத்தைந்து.

பெல்லமி எங்களைக் கூட்டிக்கொண்டு வந்த பொறுப்பாளன். எனக்கு இடப்பக்கம் நாலு அடி தள்ளி நின்றான். மூக்கு சிவந்திருந்தது. என்னைப் பார்த்துச் சிரித்தான். "என்ன, வீட்டுக்குப் போற அவசரமா? மணி பாக்குற."

"குளிருது."

"நேவிக்காரங்களுக்குமா?"

பன்னிரண்டு முப்பத்து மூன்று. டகெட் பின்னால் எங்கோ சாம்பல் கூட்டத்தில் இருந்தாள். திரும்பிப் பார்க்க எங்களுக்கு அனுமதி இல்லை. நாலு அடி. இரண்டு எட்டு வைத்தால் போதும். ஒரு வாக்கியம் போதும். அந்த வாக்கியத்தை மனதுக்குள் முழுதாக அமைத்துக்கூட வைத்திருந்தேன்.

மூன்றாவது முறை பார்த்தபோது சரியாக நாற்பது.

நான் நகரவில்லை. முள் நகர்ந்தது.

பன்னிரண்டு ஐம்பத்தைந்துக்குக் கொம்பு ஊதினார்கள். ஏழு பேரும் நடந்தோம். எதிர்ப்பக்கத்து ஏழு பேரும் நடந்து வந்தார்கள். நடுக்கோட்டில் சல்யூட் அடித்துக்கொண்டோம். எனக்கு நேராக வந்த பையன் உதட்டை அசைக்காமல், "உங்க ஊர்ல மீனத் தவிர வேற சோறே கிடையாதா?" என்றான். நான் ஏதாவது திருப்பிச் சொல்லியிருக்க வேண்டும், அதுதான் வழக்கம். அவன் ஒரு நொடி காத்திருந்துவிட்டுத் தாண்டிப் போனான். நானும் தாண்டினேன்.

நாங்கள் ஜெயித்தோம். பதினேழுக்குப் பதினான்கு.

ஆட்டம் முடிந்ததும் இரண்டு அணிகளும் முதலில் தோற்றவர்கள் பக்கம் போய் நிற்கும். தோற்றவர்களின் பள்ளிப் பாட்டு முதலில், ஜெயித்தவர்களுடையது இரண்டாவது. ஸ்டோன்ரிட்ஜின் பாட்டுக்கு எங்கள் பக்கமும் தொப்பியைக் கழற்றி நின்றது. மைதானத்துக்கு அந்தப் பக்கம் அவர்களில் பாதிப் பேர் அழுவதைப் பெரிய திரையில் காட்டினார்கள். அதில் டகெட்டும் ஒரு கணம் வந்தாள். அவளும் அழுதாள். எல்லோரும் அழுகிற இடத்தில் அவளிடம் யாரும் காரணம் கேட்க மாட்டார்கள் என்று நினைத்துக்கொண்டேன். அந்த நினைப்பில் எனக்கு ஆறுதலாகக்கூட இருந்தது.

திங்கட்கிழமை பெல்லமியும் மற்றவர்களும் ஓக்ஸைப் பார்க்கப் போனார்கள். பதிவேட்டில் அவன் பெயர் இருந்த பக்கத்தை நகல் எடுத்துச் சட்டம் போட்டு எடுத்துப் போனார்கள். அவன் அதை மடியில் வைத்துக்கொண்டு நெடுநேரம் பார்த்தானாம். நன்றி சொன்னானாம். அவர்கள் போன பிறகு டகெட்டைக் கூப்பிட்டான். இதெல்லாம் டகெட் எனக்குச் செவ்வாய்க்கிழமை மாலை தொலைபேசியில் சொன்னது.

"'மேடம், நான் அறுபத்தொண்ணுலயே விழுந்துட்டேன்'னான். ஆமாடான்னேன். 'மீதி ரெண்டு மைல் யாரு ஓடுனா?'ன்னான். 'நான் சொல்லியாகணும் மேடம். நாளைக்குக் காலை வரைக்கும் காத்திருக்கேன். நீங்களே முதல்ல போயிருங்க'ன்னான்."

"அவன் எதுக்கு இதெல்லாம்... அவனைத்தான் அனுப்பப் போறாங்களே?"

இந்த இதயத்தோடு படையில் வைத்துக்கொள்ள முடியாது என்று அவனிடம் ஞாயிற்றுக்கிழமையே சொல்லியிருந்தார்கள். அந்தச் சத்தியத்தால் அவனுக்கு இனி லாபமும் இல்லை, நட்டமும் இல்லை.

"அதத்தான் நானும் கேட்டேன். 'இன்னும் அனுப்பலயே மேடம்'னான்." அவள் மூக்கை உறிஞ்சினாள். "காலைல போயிட்டேன்டி. பெல்லமிகிட்டச் சொல்லிட்டேன். படிவம் குடுத்தான்."

"நல்லது. நீயா போனதுக்குக் குறைச்சுத்தான்..."

"ஆறாவது கேள்வி இருக்கு."

"என்ன கேள்வி?"

"வேற யாருக்குத் தெரியும். எப்போ தெரியும்."

எங்கள் விடுதிக் கூடத்தில் யாரோ வெற்றிக் கொடியைக் கட்டிக்கொண்டிருந்தார்கள். ஏணியைப் பிடிக்கச் சொல்லி என்னைக் கையசைத்துக் கூப்பிட்டார்கள். நான் அசையவில்லை.

"காலியா விட்டா அதுவும் பொய்தான்" என்றாள் டகெட். "அரை மணி நேரம் பேனாவ வச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். உன் பேர எழுதிட்டேன். வெள்ளிக்கிழமை, பன்னெண்டு நாப்பதுன்னு."

"கோடு?"

"கோட்டத் தாண்டுன மணிய அவங்க கேக்கல. அதத்தான் ஊரே டிவில பாத்துச்சே."

ஏணியிலிருந்து மறுபடி கையசைத்தார்கள்.

"திட்டுடி. ஏதாவது சொல்லு."

"கொடி கட்டக் கூப்புடுறாங்க" என்று சொல்லி வைத்துவிட்டேன்.

என்னை எங்கள் பள்ளியே விசாரித்தது. ஐந்து பேர், தலைமைக்கு ஒரு கமாண்டர். நாற்பது வயதிருக்கும், மெதுவாகப் பேசுவார். முதல் கேள்வியை எனக்குச் சாதகமாகத்தான் தொடங்கினார்.

"நம்ம பள்ளிக்கூடத்துல நாலாவது வரி இல்ல. அது எங்களுக்கும் தெரியும். ஆனா ஆகஸ்ட்ல கையத் தூக்குனது நீங்கதான். கோட்டத் தாண்டுற வரைக்கும் அந்த வார்த்தைக்கு நீங்க கட்டுப்பட்டவங்க. குடுத்த வார்த்தைய தெரிஞ்சே மீறுனா நம்ம முதல் வரியே போதும். ஒத்துக்கிறீங்களா?"

"ஒத்துக்கிறேன், மேடம்."

"பன்னெண்டு இருபதுக்கு மாத்தியிருந்தா இங்க இப்படி உக்காந்திருக்க மாட்டோம். தாமதத்துக்கு நீங்க பொறுப்பில்ல." அவர் காகிதத்தைத் திருப்பினார். "அன்னிக்குப் பனி. எழுபதாயிரம் பேர் கூட்டம். கொடிய பாக்குறதா, கொம்ப கேக்குறதா. அந்த நேரத்துல யாருமே கடிகாரத்தப் பாத்திருக்க மாட்டாங்க. நேரம் தாண்டுனது உங்களுக்குத் தெரிஞ்சிருக்காது. அப்படித்தானே?"

அறையில் யாரும் எழுதவில்லை. எல்லோரும் பேனாவைக் கீழே வைத்திருந்தார்கள். அவர் எனக்காக ஒரு கதவைத் திறந்து பிடித்துக்கொண்டிருக்கிறார் என்று எனக்குப் புரிந்தது. 'ஆமாம், மேடம்' என்றால் போதும்.

"பாத்தேன், மேடம்."

"ஒரு தடவையா?"

"மூணு தடவ. கடைசித் தடவ சரியா நாப்பது. பெல்லமி நாலு அடில நின்னான்."

கமாண்டர் பேனாவை எடுத்தார். மற்ற நால்வரும் எடுத்தார்கள்.

டகெட்டை ஒரு வருடம் பின்னால் இறக்கி வைத்துக்கொண்டார்கள். தானாக வந்து சொன்னதற்கும், ஓர் உயிரைக் காப்பாற்றியதற்கும். என்னை வெளியேற்றினார்கள். தீர்ப்பு வந்த அன்று அவள் கூப்பிட்டாள். எடுத்ததும் கத்தினாள்.

"அந்தம்மா கதவத் தொறந்தே விட்டாங்களாமே! நீ ஏன்டி நுழையல?"

"நீ ஏன் ஆறாவது கேள்விய காலியா விடல?"

"அது வேற."

"வேறயா?"

அவள் மூச்சு விடுவது கேட்டது. நிமிடக் கணக்கில் இருவரும் வைக்காமல் இருந்தோம். பிறகு அவள் பக்கம் வகுப்பு மணி அடித்தது. "போகணும்டி" என்றாள். பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை, பட்டப்பெயரையும் சொல்லவில்லை. அதற்குப் பிறகு நாங்கள் பேசிக்கொண்டதில்லை.

ஜனவரி இரண்டாவது வாரம் நார்ஃபோக் கடற்படைத் துறைமுகத்தில் ஒரு கப்பலில் கடைநிலை மாலுமியாகச் சேர்ந்தேன். முதல் வேலை மேல்தளத்தில் துருவைச் சுரண்டுவது. மூன்றாம் நாள் எங்கள் பிரிவின் அதிகாரி மேற்பார்வை பார்க்க வந்தாள். போன வருடம் ஹார்க்கர் முனையில் பட்டம் பெற்றவள். அதற்கு முந்தைய வருடம் ஒரு பருவம் முழுவதும் ஆய்வுக்கூடத்தில் எனக்கு எதிர் மேசையில் நின்று, என் குறிப்புகளைக் கடன் வாங்கித் தேர்வு எழுதியவள்.

சுரண்டியைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நின்று சல்யூட் அடித்தேன். அவள் என் முகத்தைப் பார்த்தாள். பிறகு பார்வையைத் தாழ்த்தி என் சட்டையில் தைத்திருந்த பெயரைப் படித்தாள், முதல் முறை பார்க்கிறவளைப் போல.

"ஹால்வர்சன்" என்றாள். "இந்த ஓரம் இன்னும் முடியல."

"முடிச்சிடுறேன், மேடம்."

அவள் போகும் வரை நின்றிருந்தேன். பிறகு மண்டியிட்டு ஓரத்திலிருந்து தொடங்கினேன்.